நாற்றம் தெரியாதவன்

முதலில் அதைக் கேட்டவள் என் மகள் கவிதாதான். ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பிட்டுவிட்டுக் கூடத்துத் தரையில் படுத்திருந்தேன். அவள் கைப்பேசியிலிருந்து தலையை நிமிர்த்தி, அடுப்படிப் பக்கம் குரல் கொடுத்தாள்.

“அம்மா, கெட்டில் கொதிக்குது பாருங்க. விசில் அடிக்குது.”

அடுப்பில் ஒன்றுமே இல்லை என்றாள் என் மனைவி லெட்சுமி. கவிதா எழுந்து வந்து என் முகத்தருகே குனிந்தாள். உடனே மூக்கைப் பொத்திக்கொண்டு பின்வாங்கினாள்.

“கெட்டில் இல்லம்மா, அப்பா மூக்குதான்லா! மூச்சு விட்டா விசில் வருது.”

மூவரும் சிரித்தோம். அவள் மூக்கைப் பொத்தியதைப் பார்த்தேன். ஏன் என்று கேட்கவில்லை.

தோல் பதனிடும் வேலையில் இருப்பவர்களுக்காகவும் அவர்கள் வீட்டாருக்காகவும் இதை எழுதுகிறேன். மூச்சு விடும்போது மூக்கில் விசில் கேட்டால் சளி என்று விட்டுவிடாதீர்கள். இரண்டு நாசிகளுக்கும் நடுவே உள்ள சுவரில் ஓட்டை விழுந்திருக்கலாம். எனக்கு விழுந்திருந்தது. வலி இல்லை. வலி இருந்திருந்தால் முன்பே போயிருப்பேன்.

நான் சிரம்பானை அடுத்த லாபு பக்கத்து ரப்பர்த் தோட்டம் ஒன்றின் லயத்தில் (தொழிலாளர் வரிசை வீடுகள்) பிறந்தவன். ரப்பர் போய் எண்ணெய்க்கான செம்பனை வந்தது. பிறகு தோட்டத்தில் ஒரு பகுதி வீட்டுமனையானது. லயத்தில் இருந்தவர்களுக்கு மலிவு விலை வீடுகள் கிடைத்தன. நான் தோல் கம்பெனிக்கு வேலைக்குப் போனேன். கூடவே ஒரு தமிழ் நாளிதழுக்குப் பகுதிநேர நிருபராகவும் இருந்தேன். கோயில் திருவிழா, பள்ளி விளையாட்டுப் போட்டி, சாலை விபத்து, மரணம் என்று வட்டாரச் செய்திகளை எழுதி அனுப்புவேன். பார்த்ததை எழுதலாம், நினைத்ததை எழுதக்கூடாது என்பது அங்கே கற்றுக்கொண்ட ஒழுங்கு. இதையும் அப்படியே எழுத முயல்கிறேன்.

கம்பெனி செம்பனைக் காட்டின் விளிம்பில், ஓர் ஓடையை ஒட்டி இருந்தது. உப்புப் போட்ட மாட்டுத்தோல்கள் லாரியில் வரும். தோல் என்றால் கடையில் பார்க்கும் தோல் அல்ல. காதும் வாலும் ஒட்டியிருக்கும். தொடை மயிரில் சாணம் காய்ந்து கட்டியாகத் தொங்கும். மடிப்பை விரித்தால், உப்பு படாத இடத்தில் புழு நெளியும். இதைக் கழுவி, பெரிய மரப்பீப்பாய் போன்ற டிரம்மில் சுண்ணாம்பும் சல்பைடும் (மயிரைக் கரைக்கும் இரசாயனம்) சேர்த்துச் சுற்றவிடுவோம். மயிர் கரைந்து சாம்பல் நிறக் கூழாக வெளியே வரும். அழுகிய முட்டையின் நாற்றம் அதில் இருக்கும்.

பிறகு சதை சீவும் இயந்திரம். தோலின் அடியில் ஒட்டியிருக்கும் கொழுப்பும் சவ்வும் நீலப் பீப்பாய்களில் வந்து விழும். அவற்றை எடுக்க வேண்டிய லாரி வராத நாட்களில் அவை வெயிலில் நிற்கும். மேல்பரப்பு மஞ்சளாக ஏடு கட்டி, மூச்சு விடுவதுபோல மெல்ல ஏறி இறங்கும். ஓடைக்கரை உடும்புகள் அதைத் தின்று கொழுத்திருந்தன. நாய்கள் கிட்டே வராது.

இதற்கெல்லாம் பிறகு வருவது குரோம். தோல் அழுகாமல் நிற்பதற்கான சரக்கு அது. இப்போது பல கம்பெனிகள் அதைத் தயாரான பொடியாகவே வாங்குகின்றன. எங்கள் முதலாளி பழைய முறையை விடவில்லை. ஆரஞ்சு நிறக் குரோம் உப்பைத் தண்ணீரில் கரைத்து, அமிலம் விட்டு, கரும்புப்பாகைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிளற வேண்டும். அது தானாகவே கொதித்து, ஆரஞ்சு நிறம் போய்க் கரும்பச்சையாகும். ஆவி முகத்தில் அடிக்கும். அந்த வேலை என்னுடையது.

கம்பெனி மண்டோர் (வேலை மேற்பார்வையாளர்) மாணிக்கம் அண்ணன். என் அப்பா ரப்பர்ப் பால் வெட்டிய அதே தோட்டத்துக்காரர். தோட்டம் போனாலும் அவர் காலை ஆள் கூட்டுவதைப் ‘பெரட்டு’ என்றுதான் சொல்வார். பெரட்டில் பெயர் கூப்பிட்டு முடிந்ததும் ஒரு தைல டப்பா கைமாறும். ஒவ்வொருவரும் சுண்டுவிரலில் தொட்டு இரண்டு நாசியிலும் உள்ளே விட்டுத் தடவிக்கொள்ள வேண்டும். தமிழர், வங்காளதேசத்தவர், நேப்பாளி எல்லோருக்கும் அதே டப்பாதான். முதல் நாள் நான் வாந்தி எடுத்துவிட்டு நின்றபோது அவரே என் கையைப் பிடித்து விரலை டப்பாவில் அழுத்தினார்.

“நல்லா உள்ள விடுடா ரிப்போட்டர். வெளிய பூசுனா ஈ கூட ஏமாறாது.”

அன்றிலிருந்து அது பழக்கமானது. நாற்றம் ஏறினால் வேலைக்கு நடுவே கையுறையைக் கழற்றுவோம். கையுறையின் உள்பக்கமே எப்போதும் ஈரமாக இருக்கும். விரலைக் கால்சட்டையில் துடைத்து, தைலத்தைத் தொட்டு, மூக்குக்குள் விடுவோம். முகமூடி கொடுத்தார்கள். காகிதம். ஆவியில் நனைந்து வாயில் ஒட்டும். கழற்றி எறிந்துவிடுவோம்.

நாளாக நாளாக மூக்குக்குள் பொருக்குக் கட்டியது. பிடுங்கினால் அதில் கொஞ்சம் ரத்தம் இருக்கும். அப்புறம் ஒரு நாள், தைலம் வைக்க மறந்துவிட்டேன் என்பதைப் பசியாற உட்கார்ந்தபோதுதான் உணர்ந்தேன். நாற்றமே வரவில்லை.

இதைச் சொன்னதும் மாணிக்கம் அண்ணன் எழுந்து கை தட்டினார். கம்பெனியில் இதற்கு ஒரு சடங்கு இருந்தது. ‘மூக்குச் சாவு’ என்று பெயர். மூக்கு செத்தவன் எல்லோருக்கும் பசியாற வாங்கித் தர வேண்டும். அதற்கு முன் ஒரு சோதனை உண்டு. கொழுப்புப் பீப்பாய் ஒன்றை உருட்டி வந்து அவன் எதிரே வைத்து மூடியைத் திறப்பார்கள். அதைப் பார்த்துக்கொண்டே அவன் ஒரு பொட்டலம் நாசி லெமாக்கை (தேங்காய்ப்பால் சோறும் சம்பால் என்னும் மிளகாய் விழுதும்) முழுதாகச் சாப்பிட வேண்டும்.

நான் சாப்பிட்டேன். சம்பாலின் காரம் நாக்கில் இருந்தது. வேறெதுவும் இல்லை. பீப்பாயின் விளிம்பில் ஏறிய ஈக்கள் என் சோற்றுக்கும் வந்துபோயின. நேப்பாளி ஒருவன் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினான். மற்றவர்கள் ஆரவாரம் செய்தார்கள்.

“இப்பதான்டா நீ ஆளு!” என்று முதுகில் அறைந்தார் மாணிக்கம் அண்ணன். “எனக்கு மூக்கு செத்தப்ப ஒனக்கு மீசகூட மொளைக்கல.”

ஒரு நோயின் அறிகுறியை நாங்கள் தேர்ச்சியாகக் கொண்டாடினோம். அதைவிட அருவருப்பான ஒரு விருந்தை நான் செய்தியாக எழுதியதில்லை. மூக்கு செத்தவர்களுக்குக் கழிவுத்தொட்டியில் இறங்கும் வேலை வரும். மற்றவர்களால் அங்கே நிற்க முடியாது. என்னால் முடிந்தது. சுண்ணாம்புக் கூழும் மயிரும் சதையும் படிந்த தொட்டியில் முழங்கால் வரை நின்று வாரினேன். பக்கத்தில் எது மிதக்கிறது என்று பார்க்காமலிருக்கப் பழகிக்கொண்டேன்.

என் நாற்றம் எனக்குத் தெரியாது. மற்றவர்கள் முகத்தைப் பார்த்துத்தான் அது இருக்கிறது என்று ஊகிக்க வேண்டியிருந்தது. பேருந்தில் பக்கத்து இருக்கை காலியாகும். கோயில் திருவிழாவில் அன்னதானம் பரிமாறப் போனேன். கமிட்டிக்காரர் தோளில் கை வைத்து, வரவேற்பில் நிற்கச் சொன்னார். கொஞ்ச நேரத்தில் வந்து, கார் நிறுத்துமிடத்தைப் பார்த்துக்கொள்ளச் சொன்னார். லோபாக்கில் ஒரு கல்யாண விருந்தில் தூரத்து உறவினர் ஒருவர், நான் கேட்கும்படியே, தோல் வேலைக்கு ஊரில் சொல்லும் சாதிப்பெயரைச் சொல்லிச் சிரித்தார். லயத்தில் ஒரே பைப்பில் தண்ணீர் பிடித்து வளர்ந்தவர் அவர். அந்தச் சொல்லை எங்கே பத்திரப்படுத்தி வைத்திருந்தாரோ.

லெட்சுமி ஒன்றும் சொன்னதில்லை. படுக்கையை மட்டும் மகளின் அறைக்கு மாற்றிக்கொண்டாள். மகளுக்குப் பரீட்சை, துணைக்குப் படுக்கிறேன் என்றாள். பரீட்சை முடிந்தும் அங்கேயே இருந்தாள்.

விசில் கேட்ட பிறகுதான் கிளினிக்குக்குப் போனேன். அங்கிருந்து சிரம்பான் பெரிய மருத்துவமனைக்கு எழுதிக் கொடுத்தார்கள். காது மூக்கு தொண்டைப் பிரிவில் இளம் தமிழ்ப் பெண் டாக்டர் ஒருவர் பார்த்தார். உள்நோக்கியை (நுனியில் விளக்கும் கேமராவும் உள்ள மெல்லிய குழாய்) மூக்கினுள் விட்டுத் திரையைப் பார்த்தார். லெட்சுமியும் பார்த்தாள். நான் அண்ணாந்திருந்தேன்.

“அங்கிள், வலியே இல்லையா?”

“இல்ல டாக்டர்.”

“மூக்கு நோண்டுற பழக்கம் இருக்கா?”

லெட்சுமி சிரிப்பை அடக்கினாள். “அதெல்லாம் இல்ல டாக்டர்,” என்றேன். “வேலையில தைலம் வைப்போம். நாத்தம் தெரியாம இருக்க.”

“எப்படி வைப்பீங்க? காட்டுங்க.”

காட்டினேன். இல்லாத கையுறையைக் கழற்றி, இல்லாத டப்பாவில் சுண்டுவிரலைத் தொட்டு, நாசிக்குள் விட்டு நடுச்சுவரில் தேய்த்தேன்.

“கை கழுவிட்டா வைப்பீங்க?”

“தைலம் வைக்க யாரு டாக்டர் கை கழுவுவா?”

அவர் திரையை என் பக்கம் திருப்பினார். சிவந்த சதை, அதில் கறுத்த பொருக்கு, நடுவில் விளிம்பு தேய்ந்த ஓர் ஓட்டை. அதன் வழியே மறுநாசியின் சுவர் தெரிந்தது. விரல் நுனி போய் நிற்கும் இடம் அதுதான்.

“அந்த ஆரஞ்சு உப்புதான் அங்கிள். சதையக் கொஞ்சம் கொஞ்சமா அரிக்கும், வலிக்காது. தைலம் தப்பு இல்ல. தைலத்தோட அதையும் சேத்து நீங்களே உள்ள வெச்சிருக்கீங்க. தினமும்.”

வாசனை தெரியாதது முகர்வின்மை (முகரும் நரம்புகள் செயலிழப்பது) என்றார். குரோமும் காரணமாக இருக்கலாம், தொட்டியிலிருந்து வரும் வாயுவும் காரணமாக இருக்கலாம். திரும்பி வரும் என்று உறுதி சொல்ல முடியாது. பிறகு பேனாவை மூடி வைத்துவிட்டு ஒன்று சொன்னார்.

“அந்தத் தொட்டியில அழுகின முட்டை நாத்தம் வந்தா எல்லாரும் ஓடணும். அதிகமா ஏறுனா ஆள் செத்துருவாங்க. உங்களுக்கு மட்டும் நாத்தம் வராது. உங்களத்தான் உள்ள எறக்கிவிடுறாங்க. புரியுதா அங்கிள்?”

லெட்சுமி அழவில்லை. கைப்பையின் வாரைச் சுருட்டிச் சுருட்டிப் பிடித்தாள்.

திசுச் சோதனை செய்தார்கள் (ஓட்டையின் விளிம்பில் சிறு துண்டு எடுத்து, புற்று இருக்கிறதா என்று பார்ப்பது). முடிவு வரும் வரை வீட்டில் யாரும் அந்தச் சொல்லைச் சொல்லவில்லை. புற்று இல்லை. ஓட்டையைச் சிலிக்கோன் பொத்தான் (இருபுறமும் தட்டு வைத்த மெல்லிய அடைப்பு) வைத்து மூடலாம் என்றார்கள். ஆனால் அந்த வேலையில் இருக்கும்வரை எதை வைத்தாலும் நிற்காது.

மாணிக்கம் அண்ணனிடம் போய்ச் சொன்னேன். தொட்டியைப் பற்றி டாக்டர் சொன்னதையும் சொன்னேன். அவர் நம்பவில்லை.

“ஓட்டையா? எனக்கும் விசிலு வருதுடா, வருசக் கணக்கா. நான் என்ன செத்தா போயிட்டேன்? நாத்தம் தெரியாதவன் தோல் கம்பெனிய விட்டுட்டுப் போறான்னா, நீச்சல் தெரிஞ்சவன் ஆத்த விட்டு ஓடுற மாதிரி.”

விட்டேன். செண்டாயானில் ஒரு தொழிற்சாலைக் கிடங்கில் பெட்டி அடுக்கும் வேலை கிடைத்தது.

சிகிச்சையில் பெரும்பகுதி அசிங்கமானது. இதே நிலையில் இருப்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். தினமும் காலையும் மாலையும் உப்புநீரால் மூக்கைக் கழுவ வேண்டும். ஒரு நாசியில் ஊற்றினால் மறுநாசியில் வரும். முதல் வாரங்களில் பச்சையும் கறுப்புமாகப் பொருக்குகள் நாசியின் வடிவத்திலேயே, அச்சில் வார்த்ததுபோல, முழுதாகக் கழன்று வாஷ்பேசினில் விழுந்தன. லெட்சுமி பார்க்காமல் தண்ணீரைத் திறந்துவிடுவாள். அவள் தோள்கள் குலுங்கும். வீச்சம் இருந்திருக்க வேண்டும். “இருக்கா?” என்று கேட்டால், “ஒன்னுமில்ல, கழுவுங்க” என்பாள்.

பொத்தான் வைத்தார்கள். விசில் நின்றது. வாசனை வரவில்லை. டாக்டர் முகர்வுப் பயிற்சி சொல்லிக் கொடுத்தார். நான்கு சிறு போத்தல்களில் கிராம்பு, எலுமிச்சைத் தோல், காபித்தூள், சந்தனம். ஒவ்வொன்றாகத் திறந்து முகர்ந்து, அதன் பழைய வாசனையை நினைத்துப் பார்க்க வேண்டும். மாதக்கணக்கில் நான் முகர்ந்தது வெறும் காற்று. அப்போது ஒன்று கவனித்தேன். மூக்கு செத்த வருடங்களின் நினைவுகளும் அப்படித்தான் இருந்தன. என் அம்மா இறந்தது அந்த வருடங்களில். கூடத்தில் கிடத்தியிருந்தது தெரிகிறது, ஊதுபத்திப் புகை எழுவது தெரிகிறது, மாலைகள் தெரிகின்றன. மணம் இல்லை. யாரோ எடுத்த புகைப்படத்தைப் பார்ப்பதுபோல என் தாயின் சாவைப் பார்க்கிறேன்.

திரும்பி வந்தபோது அது காபியாகவோ சந்தனமாகவோ வரவில்லை.

ஒரு சனிக்கிழமை காலை கண் விழித்ததும் மூக்கைப் பொத்தினேன். எங்கேயோ எலி செத்துக் கிடக்கிறது என்று நினைத்தேன். கட்டிலை நகர்த்தினேன். அலமாரிக்குப் பின்னால் பார்த்தேன். பின்பக்கச் சாக்கடைக்குப் போய் நின்றேன். அங்கே குறைவாக இருந்தது. வீட்டுக்குள் வந்தால் ஏறியது. மெத்தையில் இருந்தது. தலையணையில் அதிகமாக இருந்தது. நாற்காலியின் கைப்பிடியில், தொலைக்காட்சி பார்க்கும்போது நான் தலை சாய்க்கும் சுவரில், மோட்டார் ஹெல்மெட்டின் உள்பஞ்சில் இருந்தது. வாசலுக்கு ஓடி வாந்தி எடுத்தேன்.

லெட்சுமி சொம்பில் தண்ணீரோடு ஓடி வந்தாள். “என்னங்க செய்யுது?”

“எலி செத்துக் கெடக்கு. வீடெல்லாம் நாறுது.”

அவள் தண்ணீரைக் கொடுக்காமல் அப்படியே நின்றாள். பிறகு மெல்லச் சொன்னாள்.

“எலி இல்லங்க.”

நான் அவளைப் பார்த்தேன்.

“இது கொறஞ்சது. நீங்க வேலைக்குப் போனப்ப இருந்ததுல இது காவாசி கூட இல்ல. இப்பத்தானா தெரியுது ஒங்களுக்கு?”

“சொல்லியிருக்கலாமே, லெட்சுமி.”

“என்னன்னு சொல்றது? புருசன் பொணமாட்டம் நாறுறான்னா?” சொல்லிவிட்டுச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே வாசல் படியில் உட்கார்ந்து அழுதாள். “வந்துருச்சு. மூக்கு வந்துருச்சு பாருங்க.”

கவிதா உள்ளேயிருந்து எட்டிப் பார்த்து, மெத்தையை எப்போது வீசப் போகிறோம் என்று கேட்டாள். அன்றே வீசினோம்.

அதற்குப் பிறகும் எல்லாம் சரியாகிவிடவில்லை. காபி இன்றுவரை எனக்குச் சுண்ணாம்பு டிரம்மாகவே மணக்கிறது. வெங்காயம் வதங்கினால் கொழுப்புப் பீப்பாய். இது முகர்வுத் திரிபு (ஒன்றின் வாசனை வேறொன்றாகத் தெரிவது), நரம்பு வளரும்போது வருவது, குறையலாம் என்கிறார் டாக்டர். தேநீருக்கு மாறிவிட்டேன்.

போன மாதம் மாணிக்கம் அண்ணன் வீட்டுக்கு வந்தார். கையில் ரம்புத்தான். “எங்கடா ரிப்போட்டர், பெட்டி அடுக்குற தொரை?” என்று வாசலிலேயே சத்தம். அவர் செருப்பைக் கழற்றும் முன்பே நாற்றம் உள்ளே வந்துவிட்டது. கவிதா புத்தகத்தை எடுத்துக்கொண்டு அறைக்குள் போனாள். லெட்சுமி தண்ணீர் வைத்துவிட்டு அடுப்படிக்குத் திரும்பினாள். அவர் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார். நான் வாயால் மூச்சு விட்டேன். கண்ணில் நீர் வந்தது.

அவர் கூர்ந்து பார்த்தார். “என்னடா, மூக்கு வந்துருச்சாமே. நாறுறனா?”

சிரித்துக்கொண்டுதான் கேட்டார். இல்லை அண்ணே என்று சொல்வது எளிது. எல்லோரும் அவருக்கு அதைத்தான் சொல்லியிருக்கிறார்கள்.

“ஆமாண்ணே. நாறுது.”

“எப்படி நாறுது? பத்திரிகைக்காரன்தானே, ஒழுங்காச் சொல்லு.”

சொன்னேன். “மொதல்ல அழுகின முட்ட. அது கொஞ்ச நேரம்தான். அப்புறம் ஈரச் சுண்ணாம்பு, தொண்டையில காறுது. அதுக்கு அடியில வெயில்ல வெச்ச கொழுப்பு. கடைசியா ஒரு இனிப்பு வருது. செத்ததோட இனிப்பு. அதான் போகவே மாட்டேங்குது. அது சட்டையில இல்லண்ணே, ஒங்க தோல்லயே இருக்கு.”

சிரிப்பு நின்றது. அவர் முன்கையை மூக்கருகே கொண்டுபோனார். ஆழமாக இழுத்தார். விசில் கேட்டது. இன்னொரு கையையும் முகர்ந்தார்.

“எனக்கு ஒன்னும் இல்லடா. பச்சத்தண்ணி மாதிரி இருக்கு.” கையைத் திருப்பிப் பார்த்தார். “பேத்தி என்னைக் கண்டா வெளிய ஓடுது. வெளையாடுதுன்னு நெனச்சிக்கிட்டு நானும் பின்னாலயே ஓடுவேன்.”

தண்ணீரை அவர் பக்கம் நகர்த்தினேன்.

“அந்த டாக்டரம்மா தமிழ் பேசுமா?”

“பேசும்ணே. நான் கூட வரேன்.”

“தொட்டிக்கு நாளைக்கு ஆள் எறக்கணும்,” என்றார். எழுந்தார். “சரி. யாரும் எறங்க வேணாம். கெடக்கட்டும்.”

அவர் வாசலில் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோதே லெட்சுமி சன்னலைத் திறக்க வந்தாள். இரு என்று கை காட்டினேன். அவர் மோட்டார்சைக்கிள் இன்னும் கிளம்பவில்லை. அவர் சாய்ந்திருந்த நாற்காலிக்கு எதிரே உட்கார்ந்து, வாயை மூடி, மூக்கால் மூச்சு இழுத்தேன். முன்பெல்லாம் மூச்சு எனக்குத் தெரியாமல் நடக்கும். ஒரு நாள் முழுவதும் அதை நினைக்காமல் போய்விடும். இப்போது ஒவ்வொரு மூச்சும் தனியாக வருகிறது, எதையாவது கொண்டுவருகிறது, ஒன்று முடிந்த பிறகே அடுத்தது. மோட்டார் தெருமுனை திரும்பும் வரைக்கும் அப்படிச் சில மூச்சுகள் ஆயின.